நாங்கள் கேட்காமல் விட்ட இரவுகள்

2005ஆம் ஆண்டு முழுவதும் நாகப்பட்டினத்தில் நாங்கள் கணக்கெடுத்துக்கொண்டே இருந்தோம். கீச்சாங்குப்பத்தில் எத்தனை விசைப்படகு உடைந்தது, அக்கரைப்பேட்டையில் எத்தனை கட்டுமரம் போயிற்று, நம்பியார் நகரில் எத்தனை வீடு தரைமட்டமானது, எந்த வீட்டில் யார் மிச்சம், ரேஷன் கார்டு இருக்கிறதா, பாங்கில் கணக்கு இருக்கிறதா. 2004 டிசம்பர் 26 ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்த சுனாமியில் இந்த மாவட்டத்தில் மட்டும் 6,065 பேர் இறந்தார்கள் என்கிறது அரசு ஆவணம். தமிழ்நாட்டில் இறந்தவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பேர் எங்கள் மாவட்டத்துக்காரர்கள். கணக்கெடுத்த நாங்கள் ஆசிரியர்கள், அலுவலக ஊழியர்கள், கல்லூரி மாணவர்கள், உள்ளூர் நிருபர்கள், தொண்டு நிறுவனங்களில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். கடலைவிட்டு உள்ளே தள்ளிக் குடியிருந்த ஒரே காரணத்தால் பிழைத்தவர்கள். எங்கள் கையிலிருந்த படிவங்களில் ஒரு கேள்வி மட்டும் இல்லை. ராத்திரி தூக்கம் வருகிறதா, வந்தால் என்ன கனவு வருகிறது என்ற கேள்வி.

அது இல்லாததை அப்போது யாரும் குறையாக நினைக்கவில்லை. கேட்காமலே பதில் எங்கள் காதில் விழுந்துகொண்டுதான் இருந்தது. வீடிழந்தவர்களுக்குப் போட்டிருந்த தார்ச்சீட்டுக் கொட்டகைகளின் வாசலில் இரவு வெகுநேரம் வரை பெண்கள் உட்கார்ந்திருப்பார்கள். "புழுக்கமா இருக்காக்கா?" என்று கேட்டால் புழுக்கம்தான் தம்பி என்பார்கள். பகல் வெயிலை வாங்கி வைத்து ராத்திரியில் வெளிவிடுகிற கூரைகள் அவை, அதுவும் உண்மைதான். ஆனால் அடுத்த மார்கழிப் பனியிலும் அவர்கள் வெளியில்தான் உட்கார்ந்திருந்தார்கள். கண்ணை மூடினால் தண்ணீர் வருகிறது என்று ஒருவர் சொன்னால் பக்கத்தில் இருப்பவர்களும் தலையாட்டுவார்கள். பிடித்திருந்த பிள்ளையின் கை நழுவுகிற இடத்தில் விழிப்பு வந்துவிடும். மறுநாளும் அதே தண்ணீர், அதே கை, அதே இடத்தில் விழிப்பு. "மறந்துடுங்கக்கா, பெரிய புள்ளயப் பாத்துக்குங்க" என்று சொல்லிவிட்டு நாங்கள் அடுத்த கொட்டகைக்குப் போனோம்.

இதைத் தவிர்த்திருக்க முடியும் என்பதால்தான் இதை எழுத வேண்டியிருக்கிறது. கெட்ட கனவு வருகிறவரைக் கனவின் கையில் அப்படியே விட்டுவிடத் தேவையில்லை. கனவைத் தொட்டுத் திருத்தும் வழிகள் உண்டு என்று இந்த மண்ணில் பழங்காலம் தொட்டு நம்பியிருக்கிறார்கள். நவீன மருத்துவமும் சுனாமிக்கு முன்பே அப்படி ஒரு வழியைச் சோதித்து எழுதி வைத்திருந்தது. இரண்டில் எதையும் நாங்கள் அந்தப் பெண்களிடம் கொண்டுபோய்ச் சேர்க்கவில்லை.

முதலில் அவர்களிடமே இருந்ததைச் சொல்கிறோம். தலைமாட்டில் இரும்புத் துண்டு வைப்பது, திருநீறு பூசிப் படுப்பது, தர்காவில் தாயத்து மந்திரித்துக் கட்டுவது எல்லாம் இங்கே வழக்கம். கெட்ட கனவு கண்டால் மனிதர்களிடம் சொல்லாதே, பசுமாட்டின் காதில் சொல், இல்லாவிட்டால் ஓடுகிற தண்ணீரில் சொல்லிவிடு என்று டெல்டாவின் வயல் கிராமங்களில் பாட்டிமார்கள் சொல்லிக் கொடுப்பார்கள். வாய்க்காலும் ஆறும் ஊர் தோறும் ஓடுகிற நாட்டில் அது நல்ல வைத்தியம். நெஞ்சில் கிடப்பதை வாய்விட்டுச் சொல்லவும் வேண்டும், கேட்டவர் அதைத் தெருவில் பரப்பவும் கூடாது. இரண்டுக்கும் அது வழி செய்தது. தண்ணீரே பிள்ளையைக் கொண்டுபோன பிறகு எந்தத் தண்ணீரிடம் போய்ச் சொல்வது? பாட்டிமார்களிடம் அதற்குப் பதில் இல்லை. அங்கே கேட்கும் காதாக நாங்கள் இருந்திருக்க வேண்டும்.

நாகூர் முஸ்லிம் குடும்பங்களில் சொல்லித் தருவது வேறு. கெட்ட கனவு கண்டு விழித்தால் இறைவனிடம் காவல் தேடு, இடப்பக்கம் மூன்று முறை லேசாகத் துப்பு, மறுபக்கம் திரும்பிப் படு, அதை யாரிடமும் சொல்லாதே. நல்ல கனவாக இருந்தால் உன்மீது பிரியம் வைத்தவர்களிடம் மட்டும் சொல் என்பார்கள். நபிமொழி வழி வந்த நெறி இது. பயந்து விழித்தவருக்கு அந்த நொடியில் செய்ய ஏதோ ஒரு வேலையை இது கொடுத்துவிடுகிறது. கனவை வெறுமனே அனுபவிக்கிற நிலையிலிருந்து அவர் ஓர் அடி வெளியே வந்துவிடுகிறார். எளிய செயலாகத் தெரியும் இதன் அருமையை நாங்கள் பின்னால்தான் புரிந்துகொண்டோம்.

எல்லா நம்பிக்கையும் துணை செய்யவில்லை. விடியற்காலைக் கனவு பலிக்கும் என்கிற நம்பிக்கை இந்தக் கரையில் வேரோடியது. பொன்னவன் பெயரில் வழங்கும் கனாநூல் என்ற சிறு நூல் இரவை யாமங்களாகப் பிரித்து எந்த யாமத்துக் கனவு எவ்வளவு காலத்தில் பலிக்கும் என்று சொல்லும். விடியல் நெருங்க நெருங்கப் பலிக்கும் காலமும் குறுகிக்கொண்டே வரும். உடலின் கணக்கும் ஓரளவு இதற்கு ஒத்துப்போகிறது. மூடிய இமைக்குள் கண் வேகமாக அசைகிற, கனவு மிகுந்த தூக்கக் கட்டம் இரவின் பிற்பகுதியில்தான் நீளும். ஆகவே விடியலில் வரும் கனவு நீளமாகவும் நினைவில் நிற்பதாகவும் இருக்கும். கடல் மறுபடி எழும்பி வருவதாக விடியற்காலையில் கனவு கண்ட ஒரு பெண்ணுக்கு அது நேற்று நடந்ததாகத் தோன்றாது, நாளைக்கு நடக்கப் போவதாகத்தான் தோன்றும். அதற்கேற்ப 2004 டிசம்பர் 30 அன்று மறுபடி அலை வரலாம் என்ற அறிவிப்பு வந்து கடற்கரை முழுவதும் சனம் ஓடியது. 2005 மார்ச் 28 இரவு சுமத்ராவில் மீண்டும் பெரிய நிலநடுக்கம். அன்றும் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு இருட்டில் ஓடினார்கள். இரண்டு முறையும் அலை வரவில்லை. ஆனால் கனவு பொய் என்று அவர்களிடம் சொல்லும் தகுதி எங்களுக்கு மேலும் குறைந்துபோனது. விடியற்காலைக் கனவு ஏன் அவ்வளவு தெளிவாக இருக்கிறது என்று அந்தக் கொட்டகைகளில் உட்கார்ந்து விளக்கியிருந்தால் பயத்தில் பாதியையாவது இறக்கியிருக்கலாம். எங்களில் அறிவியல் ஆசிரியர்களும் இருந்தார்கள்.

இறந்தவர்கள் கனவில் வந்தார்கள் என்பதை மட்டும் கொஞ்சம் கேட்டோம், அதையும் தப்பாகக் கேட்டோம். பல குடும்பங்களுக்கு உடல் கிடைக்கவில்லை. கிடைத்த உடல்களையும் அடையாளம் பார்க்க நேரமில்லாமல் ஒன்றாகப் புதைக்க வேண்டியிருந்தது. சாமி கும்பிட்டு, பால் தெளித்து, பதினாறாம் நாள் காரியம் செய்து அனுப்பி வைக்காத உயிர் கனவில் வந்து ஈரத் துணியோடு நிற்கும், பசிக்கிறது என்று கேட்கும். வீட்டுக்காரர்கள் அதற்கு வழி தெரிந்து வைத்திருந்தார்கள். அந்தப் பிள்ளைக்குப் பிடித்ததைச் சமைத்து, புதுத்துணி வாங்கி வைத்துப் படையல் போட்டார்கள். படையல் போட்ட பிறகு, உலர்ந்த துணியோடு சிரித்த முகமாக வந்தான் என்று சொன்ன அம்மாக்கள் உண்டு. கனவை விழிப்பில் செய்த ஒரு செயலால் மாற்றுவது என்பது இதுதான். எங்கள் அறிக்கைகளில் இதை மூடநம்பிக்கை என்ற தலைப்பின் கீழ் ஒரு வரியில் எழுதினோம். நிவாரணப் பணத்தைப் படையலுக்குச் செலவழிக்கிறார்கள் என்று கூட்டங்களில் அங்கலாய்த்தோம்.

நாகூரைப் பற்றிப் பேசாமல் இந்த ஊரில் கனவைப் பற்றிப் பேச முடியாது. பதினாறாம் நூற்றாண்டில் இங்கே வந்து தங்கிய ஷாகுல் ஹமீது ஆண்டகையின் அடக்கத்தலத்துக்கு எல்லா மதத்தினரும் வருகிறார்கள். தஞ்சை மன்னருக்குச் சூனியத்தால் வந்த நோயை அவர் தீர்த்ததாக வரலாறு சொல்வார்கள். மாடத்துப் புறா ஒன்றின் உடம்பில் குத்தியிருந்த ஊசிகளை ஒவ்வொன்றாக எடுக்க எடுக்க மன்னரின் வலி இறங்கியதாம். உயரமான மினாராவைப் பின்னாளில் கட்டிக் கொடுத்தவர் தஞ்சையை ஆண்ட மராட்டிய மன்னர் பிரதாப்சிங். மனம் பேதலித்தவர்களை அழைத்து வந்து தர்காவைச் சுற்றித் தங்க வைப்பதும், எஜமான் என்று அவர்கள் அழைக்கும் ஆண்டகை கனவில் வந்து என்ன சொல்கிறார் என்று காத்திருப்பதும் தலைமுறை தலைமுறையாக நடப்பது. ராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடி தர்காவில் இது இன்னும் உறுதியான முறையாகவே இருந்தது. நோயாளிக்கோ உடன் வந்தவருக்கோ கனவில் உத்தரவு கிடைத்தால்தான் வீட்டுக்குத் திரும்புவார்கள். பண்டைய கிரேக்கத்தில் எபிடாரஸ் நகரின் அஸ்கிலேபியஸ் கோயிலிலும் நோயாளிகள் அதற்கென்று அமைந்த மண்டபத்தில் படுத்து, தெய்வம் கனவில் வந்து மருந்து சொல்லக் காத்திருந்தார்கள். குளிப்பு, நோன்பு, வேண்டுதல், தங்கும் இடம், சுற்றிலும் அதே நம்பிக்கையோடு படுத்திருக்கும் மனிதர்கள் என்று எல்லாமே ஒரு கனவை வரவழைக்கும் ஏற்பாடு.

இதை இகழ்ந்து எழுதுவது எளிது. அப்படி எழுதியவர்களும் எங்களில் உண்டு. ஆனால் பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல நிறுவனத்தின் மருத்துவர் ரகுராமும் அவருடன் சேர்ந்தவர்களும் வேலாயுதம்பாளையம்புதூரில் உள்ள முத்துசுவாமி கோயிலில் தங்கியிருந்த மனநோயாளிகள் 31 பேரை ஆராய்ந்து 2002ல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதினார்கள். மருந்து இல்லாமல், சராசரி ஆறு வாரம் அங்கே தங்கியதிலேயே நோயின் கடுமை அளவுகோலில் ஏறக்குறைய 20 சதவீதம் இறங்கியிருந்தது. அங்கே யாரையும் விரட்டவில்லை, குடும்பம் கூடவே இருந்தது, கோயில் வேலைகளில் அவர்களுக்கும் பங்கு இருந்தது. அந்தச் சூழலே பாதி மருந்து என்று அவர்கள் கருதினார்கள்.

எங்கள் பெரிய குற்றம் அதற்கு மறுபக்கத்தில் இருக்கிறது. கனவில் உத்தரவு வரும் என்று சொல்லி மனிதர்களை ஏர்வாடிக்குக் கொண்டுபோய் விட்டோம், கூட இருக்கவில்லை. டெல்டாவிலிருந்தும்தான் போனார்கள். அறுப்பு இருக்கிறது, நடவு இருக்கிறது, தங்கைக்குக் கல்யாணம் பேச வேண்டும் என்று சொல்லி, தர்காவைச் சுற்றி முளைத்த காப்பகங்களில் மாதப் பணம் கட்டிவிட்டு வந்தவர்கள் எங்கள் சொந்தக்காரர்களே. 2001 ஆகஸ்ட் 6 அதிகாலையில் ஏர்வாடியில் அப்படி ஒரு காப்பகத்தின் கொட்டகை தீப்பிடித்தது. சங்கிலியால் கட்டியிருந்ததால் ஓட முடியாமல், பின்னர் இறந்தவர்களையும் சேர்த்து 28 பேர் மாண்டார்கள். காப்பகங்களை மூடினார்கள், விசாரணை ஆணையம் அமைத்தார்கள், உச்ச நீதிமன்றம் தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. மனநோயாளியை எவ்விதத்திலும் சங்கிலியால் கட்டக் கூடாது என்று 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் தெளிவாகவே சொல்லிவிட்டது. தர்கா வாசலில் துஆ என்னும் பிரார்த்தனையோடு மருந்தும் கிடைக்க ஏற்பாடு செய்யும் திட்டம் பிற்பாடு ஏர்வாடிக்கு வந்தது நல்ல காரியம். ஆனால் அந்த 28 பேர் எந்தக் கனவுக்காகக் காத்திருந்தார்கள், அவர்களின் இரவுகள் எப்படிக் கழிந்தன என்று கேட்டு வைத்த ஒருவரும் எங்களில் இல்லை. தீ விபத்துச் செய்தி எழுதினோம். மூன்று ஆண்டுகள் கழித்துச் சுனாமி வந்தபோது அதே கேட்காத பழக்கத்தோடுதான் நின்றோம்.

டெல்டாவின் சைவ மரபு கனவை இன்னொரு திசையிலிருந்து பார்த்தது. திருமூலர் தங்கியதாகச் சொல்லும் திருவாவடுதுறை முன்பு எங்கள் மாவட்டத்தில் இருந்தது, இப்போது மயிலாடுதுறை மாவட்டம். திருமந்திரத்தின் எட்டாம் தந்திரமும் பின்வந்த சித்தாந்த சாத்திரங்களும் நனவு, கனவு, உறக்கம், பேருறக்கம், உயிர்ப்படக்கம் என்று ஐந்து அவத்தைகளை விரித்துப் பேசுகின்றன. நனவில் உயிர் புருவ நடுவில் நின்று 35 கருவிகளோடு தொழிற்படும். கனவில் கண்டத்துக்கு இறங்கிவிடும், கருவிகள் 25 ஆகக் குறையும். ஐம்பொறிகளும் கைகால்களும் ஓய்ந்துவிட, மனம், புத்தி, அகங்காரம் போன்ற உள்கருவிகள் வேலை செய்துகொண்டிருக்கும் நிலை அது. ஓட நினைத்தும் கால் வராத கனவு, கத்த நினைத்தும் குரல் வராத கனவு எல்லாம் இந்தப் பகுப்புக்குள் அப்படியே பொருந்துவதைப் பார்க்கலாம். அந்தந்த அவத்தையில் இருக்கும்போதே அதை அறிந்து நிற்பதைப் பயிற்சியாகவே வைத்தார்கள். திபெத்திய பௌத்தர்கள் நாரோபாவின் பெயரால் வழங்கும் ஆறு பயிற்சிகளில் ஒன்றாகக் கனவு யோகத்தை வைத்திருக்கிறார்கள்: கனவில் இருக்கிறோம் என்று கனவுக்குள்ளேயே உணர்வது, பிறகு அங்கே தோன்றுவதை விருப்பப்படி மாற்றுவது. பௌத்தம் எங்களுக்கும் அந்நியமில்லை. நாகப்பட்டினத்தில் ஸ்ரீவிஜய மன்னர்கள் எழுப்பி, ராஜராஜ சோழன் ஆனைமங்கலத்தை நிவந்தமாகக் கொடுத்த சூடாமணி விகாரம் இருந்தது. பௌத்தத் தலமாக இருந்த இந்த ஊரில் எஞ்சி நின்ற செங்கல் கோபுரத்தை 1867ல் இடித்தார்கள். மண்ணுக்குள்ளிருந்து கிடைத்த செப்புப் படிமங்கள் அருங்காட்சியகங்களுக்குப் போயின. அவத்தைகளைப் பற்றிச் சைவ மடங்களில் இன்னும் பாடம் நடக்கிறது. அந்தப் பாடத்துக்கும் கீச்சாங்குப்பத்துப் பெண்ணின் தூக்கத்துக்கும் சம்பந்தம் உண்டு என்று நாங்கள் யாரும் நினைத்துப் பார்க்கவில்லை. தத்துவத்தை மேடையில் வைத்தோம், கொட்டகைக்கு நிவாரண அரிசியை எடுத்துப் போனோம்.

கனவுக்குள் விழித்திருப்பதை ஆய்வுக்கூடத்திலும் காட்டிவிட்டார்கள். 1975ல் இங்கிலாந்தின் ஹல் பல்கலைக்கழகத்தில் கீத் ஹெர்ன், உறங்கிக்கொண்டிருந்த ஒருவர் கனவுக்குள்ளிருந்து கண்ணை இடமும் வலமுமாக அசைத்துக் கொடுத்த அடையாளத்தைப் பதிவு செய்தார். பிறகு ஸ்டான்ஃபோர்டில் ஸ்டீஃபன் லபெர்ஜ் அதைத் தொடர்ந்தார். வியப்பான வேலைதான். ஆனால் எங்கள் கரைக்குத் தேவைப்பட்டது அவ்வளவு கடினமானதல்ல.

அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் இதழில் பேரி க்ராகோவும் குழுவினரும் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். பாலியல் வன்கொடுமைக்கு ஆளாகி, கெட்ட கனவுகளைத் திரும்பத் திரும்பக் கண்டுகொண்டிருந்த 168 பெண்களை வைத்துச் செய்தது. முறை மிகச் சாதாரணம். பகலில், விழித்திருக்கும்போது, ஒரு கெட்ட கனவை எடுத்துக்கொள்ள வேண்டும். முதலில் எடுப்பது மிகக் கொடுமையானதாக இருக்கக் கூடாது. அதை எப்படி வேண்டுமானாலும் மாற்றலாம். எப்படி என்று யாரும் சொல்லித் தரக் கூடாது, கனவு கண்டவரே முடிவு செய்ய வேண்டும். மாற்றியதை எழுதிவைத்து, தினமும் சில நிமிடம் கண்ணை மூடி மனதில் ஓட்டிப் பார்க்க வேண்டும். பழைய கனவைத் திரும்ப நினைக்க வேண்டியதில்லை, புதியதை மட்டும் ஒத்திகை பார்த்தால் போதும். மூன்று அமர்வுகளில் இதைக் கற்றுக்கொண்ட பெண்களுக்குக் கெட்ட கனவுகள் குறைந்தன, தூக்கம் மேம்பட்டது, பகல் நேரப் பதற்றமும் தணிந்தது. பல மாதம் கழித்துப் பார்த்தபோதும் பலன் நீடித்தது. அதிர்ச்சியில் பிறக்கும் கெட்ட கனவு நாளடைவில் மனம் கற்றுக்கொண்ட ஒரு தடமாகிவிடுகிறது. எப்போதும் ஒரே இடத்தில் விழிப்பு வருவதால் அதற்கு மேல் கதை நகர்வதே இல்லை. புதிய படங்களைப் பழக்கினால் மனம் அந்தத் தடத்தை விட்டு மாறும் என்பது இதன் விளக்கம். இன்றைக்கு உறக்க மருத்துவர்கள் கெட்ட கனவுக்குப் பரிந்துரைக்கும் முறைகளில் இது முதன்மையானது. அந்த ஆய்வு வெளிவந்தது 2001 ஆகஸ்ட் மாதம். ஏர்வாடிக் கொட்டகை எரிந்த அதே மாதம். சுனாமிக்கு மூன்று ஆண்டுகளுக்கும் மேல் முந்தி.

ஒரு நோட்டுப் புத்தகம், ஒரு பென்சில், கூட உட்கார ஒரு ஆள். எழுதத் தெரியாதவருக்கு வாயால் சொன்னாலே போதும். எங்கள் ஊருக்கு அந்த வருடம் வந்து இறங்கிய பொருட்களை நினைத்தால் நெஞ்சு கனக்கிறது. கம்பளி ஸ்வெட்டர்கள் கூட வந்தன. கேட்டு உட்காரும் ஆள்தான் வரவில்லை. அந்த ஆளாக நாங்களும் இருக்கவில்லை.

ஒருவரும் வரவில்லை என்று சொன்னால் அநியாயம். நிம்ஹான்ஸ் வல்லுநர்கள் வந்தார்கள். உள்ளூர்ப் பெண்களுக்கும் ஆசிரியர்களுக்கும் பயிற்சி கொடுத்தார்கள், தமிழில் கையேடு தந்தார்கள். கேளுங்கள், அழ விடுங்கள், மறக்கச் சொல்லாதீர்கள் என்றுதான் சொல்லிக் கொடுத்தார்கள். பயிற்சி முடிந்து சான்றிதழ் வாங்கிய எங்களில் பலர் திட்டப் பணம் இருந்தவரை போனோம். பணம் நின்றதும் நாங்களும் நின்றோம். தமிழ்நாட்டு மீனவக் கிராமம் ஒன்றில் சுனாமிக்குச் சில மாதங்களுக்குள் எடுத்த ஓர் ஆய்வு பெரியவர்களில் 12.7 சதவீதம் பேருக்கு அதிர்ச்சிக்குப் பிந்தைய மனநோய் இருந்ததாகச் சொன்னது. பெண்களிடமும் வருமானம் இல்லாமல் போன வீடுகளிலும் அது அதிகம். எட்டுப் பேரில் ஒருவர். எங்கள் கணக்குப் புத்தகங்களில் அந்த எட்டாவது ஆளுக்குப் பெயர் இல்லை.

பள்ளிக்கூடங்களில் பிள்ளைகளைப் படம் வரையச் சொன்னோம். கறுப்புக் கிரேயான் முதலில் தீர்ந்துபோகும். ஆளைவிட உயரமான அலை, அதில் குச்சி குச்சியாய்க் கைகள். அந்தப் படங்களைச் சுவரில் ஒட்டினோம், புகைப்படம் எடுத்தோம், வெளிநாட்டு நன்கொடையாளர்களுக்கு அனுப்பினோம், கண்காட்சி வைத்தோம். இன்னொரு தாளைக் கொடுத்து, "இதுக்கப்புறம் என்ன ஆகணும்னு நீ நினைக்கிறியோ அதை வரை" என்று சொன்னோமா? சொல்லியிருந்தால் அதுவே சிகிச்சை. அலையைத் தின்னும் ஒரு பெரிய மீனையோ, ஊரையே ஏற்றிக்கொண்டு பறக்கும் ஒரு வள்ளத்தையோ ஏதாவது ஒரு குழந்தை வரைந்திருக்கும், அது கனவிலும் வந்திருக்கலாம். முதல் படத்தோடு நிறுத்திக்கொண்டோம். உருக்கமாக இருந்தது முதல் படம்தான்.

எழுதுகிறவர்கள் செய்ததையும் சொல்ல வேண்டும். கவிதை எழுதினோம், சிறப்பிதழ் போட்டோம். அந்தப் பெண்களின் கனவு எங்களுக்கு உவமையாகப் பயன்பட்டது. எழுதியதை அவர்களிடம் படித்துக் காட்டியவர்கள் மிகக் குறைவு.

ஆண்களின் தூக்கத்தைப் பற்றி நாங்கள் பேசவே இல்லை. 2003 நவம்பரிலிருந்து மதுச் சில்லறை விற்பனை டாஸ்மாக் கைக்கு வந்திருந்தது. நிவாரணத் தொகை வந்த நாட்களில் கடை வாசலில் கூட்டம் பார்த்தோம், கோபப்பட்டோம். கடலுக்குப் போகும் ஆள் விடியற்காலை மூன்று மணிக்கு எழுந்து, தன் பிள்ளையைக் கொண்டுபோன அதே தண்ணீரில் படகை இறக்க வேண்டும். கனவில்லாமல் சில மணி நேரம் கிடக்க அவருக்குத் தெரிந்த ஒரே வழி அதுதான் என்பது எங்களுக்குப் புரிந்திருக்க வேண்டும். குடிக்கிறவர்கள் என்று ஒரு வார்த்தையில் அவர்களை முடித்துவிட்டோம். குடியால் அடி வாங்கியது வீட்டில் இருந்த பெண். அவளுடைய இரவுக்கு இன்னொரு பயமும் சேர்ந்துகொண்டது.

எல்லாப் பிள்ளைகளையும் பறிகொடுத்து, ஏற்கெனவே குடும்பக் கட்டுப்பாடு செய்திருந்த தாய்மார்களுக்கு அந்த அறுவையை மாற்றி மறுபடி கருத்தரிக்க வழி செய்யும் சிகிச்சையை அரசு தன் செலவில் கொடுத்தது. பலருக்கு அது உண்மையிலேயே வாழ்வு தந்தது, அதைக் குறை சொல்ல மாட்டோம். ஆனால் பிறந்த பெண் குழந்தைக்கு இறந்த அக்காளின் பெயரையே வைத்தார்கள். அவள் கனவில் வந்து நான் திரும்பி வரேன் என்று சொன்னாள் என்றார்கள். அந்த வாக்கோடு வளர்ந்த பிள்ளைகள் இப்போது கல்லூரிக்குப் போகும் வயதில் இருக்கிறார்கள். தான் யாருடைய கனவின் பதில் என்று தெரிந்தே வளர்ந்தவர்கள். அவர்களிடமும் யாரும் கேட்கவில்லை.

பூம்புகார் எங்களுக்குப் பக்கம். கண்ணகி கெட்ட கனவு கண்டதும் அங்கேதான். சிலப்பதிகாரத்தில் கனாத்திறம் உரைத்த காதை என்று ஒரு காதையே அதற்காக இருக்கிறது. பெரிய ஊர் ஒன்றில் கணவன்மீது பழி விழுவதாகவும் தான் அரசன்முன் நின்று வழக்குரைப்பதாகவும் கண்டதை அவள் தேவந்தியிடம் சொல்கிறாள். தேவந்தி கேட்கிறாள். காவிரி கடலில் கலக்கும் இடத்துச் சோமகுண்டம், சூரியகுண்டம் என்னும் பொய்கைகளில் குளித்துக் காமவேளைத் தொழுதால் கணவனோடு இன்புறலாம் என்று வழி சொல்கிறாள். அது தனக்குப் பெருமை இல்லை என்று கண்ணகி மறுத்துவிடுகிறாள். மறுத்தது கண்ணகியின் உரிமை. அவளுக்குக் கேட்க ஒரு தோழியாவது இருந்தாள், வழி சொல்ல ஒருத்தி இருந்தாள். ஆண்டாளின் திருமணக் கனவும் தோழியிடம் சொல்வதாகத்தான் அமைந்திருக்கிறது. மேடை மேடையாய் இவற்றை வியந்து பேசுகிற எங்களுக்கு, தோழி ஒருத்தி இருந்து கேட்டதால்தான் அந்தக் கனவுகள் நமக்குக் கிடைத்தன என்பது உறைக்கவில்லை. அக்கரைப்பேட்டையில் நாங்கள் தோழியாக இல்லை.

இப்போது என்ன என்று கேட்பவர்களுக்கு: முடிந்த கதை இல்லை இது. 2018 நவம்பரில் வேதாரண்யம் அருகே கரையேறிய கஜா புயலின் இரவில் காற்றின் சத்தத்தோடு பழைய தண்ணீரும் கனவில் திரும்பி வந்ததாகச் சொன்னவர்கள் இருக்கிறார்கள். சுனாமியில் எட்டு வயதாக இருந்த பெண்கள் இப்போது தாங்களே எட்டு வயதுப் பிள்ளைக்குத் தாய். பிள்ளை அந்த வயதை எட்டும்போது கனவு மீண்டும் தலைதூக்குகிறது. 2022 ஜனவரியில்தான் எங்கள் மாவட்டத்துக்கு ஓர் அரசு மருத்துவக் கல்லூரி வந்தது, ஒரத்தூரில். அதே ஆண்டு அக்டோபரில் டெலி மானஸ் என்ற மனநலத் தொலைபேசிச் சேவையும் வந்தது. 14416 என்ற எண்ணில் தமிழிலேயே பேசலாம். மூன்றாவதாக, 2021 ஆகஸ்டிலிருந்து மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் பெண் ஊழியர்கள் வீடு வீடாகப் போய் ரத்த அழுத்தமும் சர்க்கரையும் பார்க்கிறார்கள். பெரும்பாலும் அதே பகுதியைச் சேர்ந்தவர்கள். அக்கா என்று கூப்பிட்டுத் திண்ணையில் உட்காரக் கூடியவர்கள்.

அவர்கள் கையிலிருக்கும் பதிவேட்டில் ஒரு கேள்வியைச் சேர்க்கலாம்: ராத்திரி தூக்கம் எப்படி, பயமுறுத்துற கனவு வருதா? வருகிறது என்று பதில் வந்தால் அந்த வீட்டில் அரைமணி நேரமாவது உட்கார வேண்டும், அடுத்த வாரமும் வர வேண்டும், கனவை மாற்றி ஓட்டிப் பார்க்கும் முறையைச் சொல்லித் தரப் பழகியிருக்க வேண்டும். ஒரத்தூர் மருத்துவக் கல்லூரி மனநல மருத்துவர்கள் அந்தப் பயிற்சியைக் கொடுக்க முடியும். படையலையும் தர்கா நேர்ச்சையையும் கேலி செய்யாமல் அதற்குள்ளேயே அந்த ஒத்திகையை எப்படி வைப்பது என்று பெண்களே சொல்வார்கள். ஊழியருக்கு ஒரு நாளைக்கு இத்தனை வீடு என்று இலக்கு வைத்திருக்கிறார்கள். அதில் இந்த அரைமணிக்கு இடமில்லை. இலக்கைக் குறைத்து இதற்கு நேரம் கொடுங்கள் என்று மாவட்ட நிர்வாகத்துக்கு ஒரு மனு எழுத வேண்டும். மனு எழுதத் தெரிந்தவர்கள் நாங்கள். படகுக்கும் வீட்டுக்கும் வலைக்கும் ஆயிரக்கணக்கில் எழுதிக் கொடுத்திருக்கிறோம். இந்த ஒன்றை இன்னும் எழுதவில்லை.